பூட்டிய கதவும் முதற் கேள்வியும்



வயது வந்த மகளை ‘அவள் நன்மைக்காகவே’ என்று கூறி அறையில் அடைத்து வைக்கும் தந்தையும், பிணங்கிய மனைவியைத் தாய்வீடு செல்லவிடாது தடுக்கும் கணவனும், தம்மைக் கொடியவர்களாக எண்ணுவதில்லை. குடும்ப மானத்தைக் காப்பதாகவே எண்ணுகின்றனர். ஆனால், நாட்டின் சட்டமும் நமது மார்க்கமும் அச்செயலை அநீதி என்றே சொல்கின்றன.

சட்டத்திற்குப் புறம்பாக அடைத்து வைக்கப்பட்டவரை மீட்பதற்கென்றே ஆட்கொணர்வு மனு இருக்கிறது. அரசியல் சட்டத்தின் 226ஆம் பிரிவின்படி உயர்நீதிமன்றம் அதனை விசாரிக்கிறது. அடைத்து வைத்தவர் காவல்துறையினராயினும், பெற்ற தந்தையாயினும், அவரை நீதிமன்றத்தின் முன் கொண்டுவந்து நிறுத்தியாக வேண்டும். அங்கு வந்து நிற்பவர் வயது வந்த பெண்ணாயின், நீதிபதி அறிய விரும்புவது ஒன்றுதான்: ‘அம்மா, உன் விருப்பம் என்ன?’

சென்னிமலையில் தறி நெய்து பிழைக்கும் குடும்பத்திற்குச் சென்னை தொலைவாகத் தோன்றலாம். 2024 ஜூலை முதல் நடைமுறையிலுள்ள குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 100ஆம் பிரிவின்படி, முதல் வகுப்பு நீதித்துறை நடுவரும் இவ்வாறு அடைத்து வைக்கப்பட்டவரைத் தேடிக் கண்டுபிடித்துத் தம்முன் நிறுத்தத் தேடுதல் வாரண்டு பிறப்பிக்கலாம்.

பெண்ணின் விருப்பத்தைக் கேட்கும் இந்நெறி நமக்குப் புதிதன்று. கன்ஸா பின்த் கிதாம் (ரலி) அவர்களை அவர்தம் தந்தை விருப்பத்திற்கு மாறாக மணமுடித்துக் கொடுத்தார். அவ்வம்மையார் அண்ணலாரிடம் (ஸல்) முறையிட்டபோது, அத்திருமணத்தை அண்ணலார் ரத்துச் செய்தார்கள். அடிமைத்தளையினின்றும் விடுதலை பெற்ற பரீரா (ரலி) தம் கணவரைப் பிரிய விரும்பினார். கணவரோ கண்ணீர் வடித்தவராய்ப் பின்தொடர்ந்தார். அவருக்காக அண்ணலார் பரிந்து பேசினார்கள். ‘இது தங்கள் கட்டளையா?’ என்று பரீரா வினவ, பரிந்துரை மட்டுமே என்றார்கள். அவர் மறுத்தார், அண்ணலார் வற்புறுத்தவில்லை.

அண்மைக்கால வழக்கொன்றையும் எண்ணிப் பாருங்கள். கேரளத்தைச் சேர்ந்த ஹாதியா, சேலத்தில் மருத்துவம் பயின்றவர், இஸ்லாத்தைத் தழுவியவர். 2016இல் அவருடைய தந்தை ஆட்கொணர்வு மனுச் செய்தார். தாம் எவராலும் அடைத்து வைக்கப்படவில்லை என்று அவர் சொல்லியும், 2017 மே மாதம் கேரள உயர்நீதிமன்றம் அவரது திருமணத்தைச் செல்லாதென்று கூறி அவரைப் பெற்றோர் வசம் ஒப்படைத்தது. அடைக்கப்பட்டவரை விடுவிக்க வேண்டிய மனுவே அவரை அடைக்கும் கருவியாயிற்று! அவ்வாண்டு நவம்பர் 27ஆம் நாள் உச்சநீதிமன்றம் அவரையே நேரில் அழைத்துக் கேட்டது. படிப்பைத் தொடரச் சேலத்திற்கு அனுப்பியது. 2018 மார்ச் 8ஆம் நாள் உயர்நீதிமன்றத் தீர்ப்பை ரத்துச் செய்தது.

அன்று நம்மில் பலர் மகிழ்ந்தோம். அவர் நமது மார்க்கத்தை ஏற்றவர் என்பதற்காக மட்டும் மகிழ்ந்தோமா? நாளை நம் மகள் நமக்கு உவப்பில்லாத ஒரு வழியைத் தேர்ந்தால், அதே உரிமையை அவளுக்கு அளிப்போமா? நமக்கும் நம் பெற்றோருக்கும் உறவினருக்கும் பாதகமாக இருப்பினும் நீதியில் உறுதியாக நிற்குமாறு திருமறையின் நான்காம் அத்தியாயம் பணிக்கிறதே! பெண்களை வருத்தித் தடுத்து வைக்கலாகாது என்பதும் அவ்வத்தியாயத்தின் கட்டளையே.

பெற்றோர் அறிவுரை கூறலாகாது என்பதன்று. அன்போடு கூறலாம், அழுது கேட்கலாம், துஆச் செய்யலாம். பூட்டுப் போடுதல்தான் ஆகாது. அவ்வாறே, தன் விருப்பத்தால் பிரிந்து சென்ற மனைவியை இழுத்துவர ஆட்கொணர்வு மனுவை ஒரு கயிறாகப் பயன்படுத்துதலும் ஆகாது.

ஜமாஅத்தின் பெரியோர்களே! பிணக்கு உங்கள்முன் வரும்போது, அப்பெண்ணை உறவினரின் பார்வையினின்றும் விலக்கி அமரச்செய்து, அவளுடைய விருப்பத்தை முதலில் கேளுங்கள். நீதிபதி கேட்கவிருப்பதை நாமே கேட்டுவிட்டால், நமது இல்லத்துப் பெண் நீதிமன்றப் படியேற நேராது.

நீதியோடு அன்பு செலுத்தும் நெஞ்சத்தை வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் அருள்வானாக! ஆமீன்.