மறைக்க வேண்டிய படமா?

நம் மன்றத்தின் ஆண்டு விழாவில் எப்படத்தைத் திரையிடலாம் என்ற பேச்சு எழுந்தபோது, திவ்யபாரதி இயக்கிய ‘கக்கூஸ்’ என்னும் ஆவணப்படத்தை முன்மொழிந்தேன். பெயரைக் கேட்டதுமே சிலர் முகஞ்சுளித்தனர். ஒரு நண்பர் மட்டும் வெளிப்படையாகக் கேட்டார்: “கன்னட நாட்டில் வாழ்கிறோம். நம் வீட்டு அழுக்கை அயலார்முன் விரிக்கத்தான் வேண்டுமா?” அவருக்கு இங்கே விடை கூற விரும்புகிறேன்.

2015 அக்டோபரில் மதுரையில் கழிவுக்குழியில் இறங்கிய தொழிலாளர் இருவர் மாண்டனர். அச்சாவுகளையொட்டிப் பிறந்து, 2017இல் வெளிவந்த படம் இது. கையால் மலம் அள்ளுவதை 1993ஆம் ஆண்டுச் சட்டமும் தடுக்கிறது. 2013ஆம் ஆண்டுச் சட்டமும் தடுக்கிறது. சாக்கடையில் இறந்தோர் குடும்பத்திற்கு 10 இலட்சம் ரூபாய் தரவேண்டுமென 2014இல் உச்சநீதிமன்றம் பணித்தது. 2023இல் அதனை 30 இலட்சமாக உயர்த்தியது. இத்தனைக்குப் பின்னும் குழியில் மனிதன் இறங்குகிறானே, எப்படி? “இங்கு அத்தொழில் இல்லை” என்று ஓர் அதிகாரி ஏட்டில் எழுதிவிட்டால் போதும், இல்லாத தொழிலுக்கு ஏது மறுவாழ்வு? அந்த ஒற்றைச் சொல்லைத்தான் படக்கருவி பொய்யாக்குகிறது. தெருவைக் காட்டுகிறது, கையைக் காட்டுகிறது, அந்தக் கைக்குரியவரையே பேசவிடுகிறது. 1935இலேயே இலண்டன் சேரிமக்களைப் படக்கருவிமுன் நிறுத்தித் தம் வீட்டின் இழிநிலையைத் தாமே சொல்லச் செய்தார்கள். மதுரை அமுதன் 2003இல் எடுத்த ‘பீ’ படமும் அவ்வழியதே.

‘கக்கூஸ்’ படத்தைத் திரையிடத் தமிழகத்தில் காவல்துறை இசைவு மறுத்தது. இணையத்தில் வெளியிட்டார் திவ்யபாரதி. மிரட்டல்கள் வந்தன. 2017 ஜூலையில், 2009ஆம் ஆண்டின் பழைய வழக்கொன்றைக் காட்டி அவரைக் கைது செய்தனர். அழுக்கை மூட முனைந்தவர்கள் நம்மவரேயன்றோ! அயலார் என்ன நினைப்பர் என்ற கவலை அதன்பின் நமக்கு எதற்கு?

நான் குடியிருக்கும் அடுகோடியில் விடியுமுன் பெண்கள் தெருக்கூட்டுகிறார்கள். பெங்களூரில் அவர்களுக்குப் ‘பௌரகார்மிகர்’ என்று மதிப்பான பெயர். தமக்குள் அவர்கள் பேசுவது தெலுங்கு; சிலர் பேசுவது நம் தமிழ். மன்றக் கூட்டங்களில் இத்தமிழைப் பற்றி ஒருமுறையேனும் பேசியிருக்கிறோமா? 1991 டிசம்பரில், காவிரியின் பெயரால் இந்நகரில் தமிழர் தாக்கப்பட்டதை மறவாமல் சொல்லிவருகிறோம், சொல்லத்தான் வேண்டும். பிறர் நமக்கு இழைத்ததைச் சொல்லும் வாய், சாதியின் பெயரால் நாம் நம்மவர்க்கு இழைப்பதைச் சொல்லக் கூசுவானேன்?

படம் முடிந்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டு காப்பி குடிக்கப் போகும் கூட்டத்தையும் நான் அறிவேன். அதற்காகவென்றால் படமே வேண்டாம், பாட்டுக்கச்சேரி போதும். திரையிட்ட அன்றே ஒரு விண்ணப்பம் எழுதுவோம். நம் விடுதியின் கழிவுக்குழியைத் துப்புரவு செய்வது மனிதனா, எந்திரமா? ஒப்பந்தக்காரர் யார்? உள்ளே இறங்க நேர்ந்தால் முகமூடியும் கயிறும் உண்டா? விடுதிக் காப்பாளர் எழுத்திலேயே விடை தரட்டும். வரைவு என்னிடம் இருக்கிறது. முதல் கையொப்பம் என்னுடையது.