நடுக்கம் முதுமையின் குற்றமா?

"வயதாகிவிட்டது, கை நடுங்கத்தான் செய்யும்" என்று பலர் வாளாவிருந்து விடுகிறார்கள். அது தவறு. மடிமேல் சும்மா கிடக்கும் கை நடுங்குகிறதா? உடல் விறைத்து, நடை மந்தமாகிறதா? கையெழுத்து வரவரச் சிறுக்கிறதா? பார்க்கின்சன் நோயாக இருக்கலாம். 1817-ல் இதை விவரித்து எழுதியவர் லண்டன் டாக்டர் ஜேம்ஸ் பார்க்கின்சன்.

நடுமூளையில் உள்ள சில உயிரணுக்கள் 'டோபமின்' என்னும் பொருளைத் தயாரிக்கின்றன. உடல் அசைவு சீராக நடைபெற அது வேண்டும். அந்த உயிரணுக்கள் சிறுகச் சிறுக மடிவதால் வருவதே இந்நோய். அவை மடிவது ஏன்? பெரும்பாலோர் விஷயத்தில் காரணம் இன்னும் விளங்கவில்லை.

ஆனால் மருந்து இருக்கிறது. பூனைக்காலி விதையிலிருந்து 'லெவோடோபா' என்ற பொருளை 1937-ல் தாமோதரன், ராமசாமி என்ற இந்திய விஞ்ஞானிகள் பிரித்தெடுத்தார்கள். 1960-களில் அப்பொருளே இந்நோய்க்கு மருந்தாயிற்று. மூளைக்குள் சென்றதும் அது டோபமினாக மாறிவிடுகிறது. முடங்கிக் கிடந்தவர்கள் எழுந்து நடந்தார்கள்! அதற்காக விதையை அரைத்துத் தின்பது கூடாது. அளவு தவறினால் ஆபத்து. மாத்திரையைத் திடீரென்று நிறுத்துவதும் ஆபத்தே.

நோய் அடியோடு தீராது என்பது உண்மை. மாத்திரையின் பலனும் நாளடைவில் குறையலாம். எனினும் மருந்தும் தேகப்பயிற்சியும் சேர்ந்தால், பல்லாண்டுகள் தம் வேலையைத் தாமே பார்த்துக்கொள்ள முடியும். எல்லா நடுக்கமும் இந்நோய் அன்று. எது என்று கண்டு சொல்ல வேண்டியவர் நரம்பியல் டாக்டர். அவரிடம் அழைத்துச் செல்ல வேண்டியவர்கள் பிள்ளைகள்!