சன்னி முகமூடிகளும் அச்சம் என்னும் பிழையான விளக்கமும்

இலங்கையின் தென்மேற்குக் கரையோரச் சிங்களக் கிராமங்களில் நோய் நீங்குவதற்காக இரவு முழுவதும் நடத்தப்படும் சன்னி யக்கும என்னும் சடங்கைப் பற்றி எழுதுவோர் பலரும் ஒரே விளக்கத்தைத் திரும்பத் திரும்பக் கூறிவருகின்றனர். மருத்துவம் அறியாத மக்கள் நோயைப் பேயின் வேலை என்று நம்பினர், அப்பேயை அச்சுறுத்தி விரட்டவே கோர முகமூடிகளை அணிந்து ஆடினர், பௌத்தத்துக்கு முந்திய அந்த ஆதி வழிபாடு இன்றுவரை மாறாமல் எஞ்சி நிற்கிறது என்பன அவ்விளக்கத்தின் கூறுகள். ஆங்கிலேயர் ஆட்சிக் காலத்தில் பேயாட்டம் என்ற பெயரோடு பரவி, இன்று சுற்றுலாக் கையேடுகளிலும் நினைவுப்பொருள் கடைகளிலும் நிலைபெற்றுவிட்ட இக்கூற்றின் எந்தப் பகுதியும் சடங்கின் நடைமுறையோடு பொருந்துவதில்லை.

முகமூடி பேயை அச்சுறுத்துகிறது என்பதே இவற்றுள் முதன்மையான பிழை. சன்னி யக்குமவில் முகமூடி அணிந்து களத்துக்கு வருபவர் பேயை எதிர்த்து நிற்கும் வீரர் அல்லர்; அவரே பேயாக வருகிறார். சடங்கை நடத்தும் எதுரா, அதாவது மந்திரமும் ஆட்டமும் பரம்பரையாகக் கற்ற சடங்காளர், பேய்களைப் பெயர் சொல்லி அழைத்து, அவற்றுக்குரிய படையல்களைக் காட்டி, நோயாளியின் முன்னால் வந்து நிற்குமாறு வேண்டுகிறார். விரட்டப்பட வேண்டியவரை இவ்வளவு மரியாதையோடு வரவழைப்பது ஏன் என்ற கேள்விக்கு அச்சுறுத்தல் விளக்கத்திடம் விடை இல்லை. முன்னிரவின் ஆட்டங்கள் முடிந்தபின் பந்தம், சால்வை, இளநீர் முதலியவற்றை ஏந்திய பாலிய என்னும் பாத்திரங்கள் வருகின்றன. அவற்றைத் தொடர்ந்து, விடியலை நெருங்கும் வேளையில், நோய்களின் உருவமாகிய சன்னிகள் ஒன்றன்பின் ஒன்றாக நுழைகின்றன. பிஹிரி சன்னி செவிட்டையும், கண சன்னி குருட்டையும், கொர சன்னி முடத்தையும், அமுக்கு சன்னி வாந்தியையும், கினிஜல சன்னி உடல் எரியும் காய்ச்சலையும் குறிக்கின்றன. ஒருபுறம் இழுத்துக் கோணிய வாயும் பிதுங்கிய நாக்குமாக அந்தந்த நோயின் அறிகுறி மரத்திலேயே செதுக்கப்பட்டிருப்பதால், பார்ப்பவர் நோயை அதன் முகத்தைக் கொண்டே அடையாளம் காண்கிறார்.

சன்னி நுழையும் கணம் அஞ்சத்தக்கதுதான் என்பதை மறுக்க வேண்டியதில்லை. பந்தத்தின் மேல் குங்கிலியப் பொடி தூவப்பட்டுத் தீ சீறி எழ, பறை விரைவுகொள்ள, பேய் நோயாளியை நோக்கிப் பாய்கிறது. ஆனால் அதற்கடுத்து நிகழ்வதில்தான் சடங்கின் உயிர் இருக்கிறது. பறையடிப்பவர் பேயோடு பேச்சுக் கொடுக்கிறார். பேய் தன் பெருமையைப் பீற்றிக்கொள்கிறது, பரிசு கேட்கிறது, சொற்களைத் தவறாகப் புரிந்துகொண்டு உளறுகிறது, அவையில் சொல்லத்தகாததையும் சொல்லி அகப்பட்டுக்கொள்கிறது. ஊரார் சிரிக்கின்றனர், அதுவரை ஒடுங்கிக் கிடந்த நோயாளியும் சிரிக்கத் தொடங்குகிறார். சற்றுமுன் உலகையே விழுங்க வந்ததுபோல் தோன்றிய ஒன்று, பறைகாரரின் கேலிக்கு ஆளாகி, படையலைப் பெற்றுக்கொண்டு விலகிப் போவதாக வாக்களிக்கிறது. காலி வட்டாரத்தில் இச்சடங்குகளை ஆராய்ந்த மானிடவியலாளர் புரூஸ் கப்பெரர், 1983இல் வெளியிட்ட தமது நூலில், தனிமையில் அமிழ்ந்த நோயாளியை ஊராரின் பொது உலகுக்கு மீட்டுவரும் பணியை இந்த நகைச்சுவைப் பகுதியே செய்கிறது என்று காட்டினார். அச்சத்தை மட்டும் கண்டவர்கள் சடங்கின் முற்பாதியோடு எழுந்து போய்விட்டவர்கள் என்றே கொள்ள வேண்டும்.

முகமூடி அச்சுறுத்துகிறது என்ற பிழைக்கு ஒரு காரணமும் உண்டு. தென்மேற்குக் கரையோர ஊரான அம்பலாங்கொடையில் விற்கப்படும் முகமூடிகளுள் பெரும்புகழ் பெற்றவை படமெடுத்த பாம்புகள் சூழ்ந்த நாக ராட்சச முகமும் குருளு என்னும் கருட ராட்சச முகமும் ஆகும். இவை கோலம் என்னும் முகமூடிக் கூத்துக்கு உரியவை. கருவுற்ற அரசி ஒருத்தி முகமூடி ஆட்டம் காண ஆசைப்பட்டதால் பிறந்ததாகச் சொல்லப்படும் அக்கூத்தில் பறையறைவோன், கிழவி நொஞ்சி, முதலி, ஆராச்சி, போர்வீரன் என ஊர் மாந்தரே பெரும்பாலும் தோன்றுகின்றனர். அங்கே நோயாளியும் இல்லை, நோய் நீக்கலும் இல்லை. கண்ணேறு கழிய ராட்சச முகத்தை வாசலில் மாட்டும் வழக்கத்தைச் சன்னி முகமூடியின் மேல் ஏற்றிக் கூறியதால் இரு வேறு மரபுகள் ஒன்றாகக் குழம்பிப்போயின.

மருத்துவ அறியாமை என்ற குற்றச்சாட்டும் நிற்பதில்லை. சன்னி என்பது ஆயுர்வேதமும் தமிழ்ச் சித்த மருத்துவமும் பொதுவாக வழங்கும் நோய்ப்பெயர். வாதம், பித்தம், சிலேத்துமம் ஆகிய முக்குற்றங்களும் ஒருங்கே கெடுவதால் வரும் சன்னிபாதத்தையே அது சுட்டுகிறது. சன்னிப் பேய்களின் பட்டியல்களில் வாத சன்னி, பித்த சன்னி, சிலேத்தும சன்னி என்ற பெயர்கள் இடம்பெறுவதால், சடங்கு மருத்துவக் கோட்பாட்டை அறிந்து அதன்மீதே எழுப்பப்பட்டது என்பது விளங்கும். மானிடவியலாளர் கணநாத் ஒபயசேகர 1969இல் எழுதிய ஆய்வுக் கட்டுரை இத்தொடர்பை விரிவாக ஆராய்ந்தது. நாட்டு வைத்தியரிடமும் பின்னர் மருத்துவமனையிலும் சிகிச்சை பெற்றுக்கொண்டே எதுராவையும் நாடிய குடும்பங்கள் பல. கிருமியால் வரும் காய்ச்சலுக்கு மருந்தே வேண்டும் என்பதில் ஐயமில்லை. ஆனால் நோயோடு வரும் பீதிக்கும் ஒதுக்கப்பட்ட உணர்வுக்கும் ஒரு சமூகம் தேடிக்கொண்ட வழியை அறியாமை என்று தள்ளுவது அநீதியாகும்.

பௌத்தத்துக்கு முந்திய எச்சம் என்பதைச் சடங்கின் தோற்றக் கதையே மறுக்கிறது. அநியாயமாகக் கொல்லப்பட்ட அரசியின் மகனாகிய கோல சன்னி, பழிதீர்க்க நச்சுப்பொருள்களிலிருந்து பேய்களைப் படைத்து விசாலா நகரை அழிக்க முற்பட்டபோது, புத்தர் அவனை அடக்கினார் என்கிறது அக்கதை. பேய்கள் மனிதரிடம் படையல் பெறுவதும், பெற்றபின் விலக வேண்டியிருப்பதும் புத்தரின் ஆணைக்கு உட்பட்டே. யக்கர் என்னும் பேய்களைப் பற்றிய நம்பிக்கை பழமையானதாக இருக்கலாம். இன்று காணும் சடங்கின் அமைப்பு முற்றிலும் பௌத்த உலகுக்கு உரியது.

மாறாமை பற்றிய கூற்றுக்குச் சில சொற்களே போதும். சன்னிகள் 18 என்று மரபு கூறினாலும் எந்தப் 18 என்பதில் ஊருக்கு ஊர், பரம்பரைக்குப் பரம்பரை வேறுபாடு உண்டு. சில பட்டியல்களில் தெமள சன்னி, அதாவது தமிழ்ச் சன்னி, இடம்பெறுவது அண்டை மக்களோடு கொண்ட உறவு சடங்குக்குள் பதிந்ததற்குச் சான்று. ஜான் காலவே சிங்களப் பேயாட்டப் பாடல்களின் மொழிபெயர்ப்பை 1829இல் இலண்டனில் வெளியிட்டதும், ஆல்பர்ட் குரூன்வேடல் 1893இல் சிங்கள முகமூடிகளைப் பற்றி எழுதியதும், ஐரோப்பிய அருங்காட்சியகங்கள் சேகரிக்க முனைந்ததும் முகமூடிக்குப் புதிய சந்தையை உண்டாக்கின. சுவரில் தொங்கவிடச் செய்யப்படுபவை இன்று பளபளக்கும் வண்ணத்தோடு அளவிலும் பெருத்துவிட்டன. ஆடுவோர் அணிபவை கடுறு போன்ற எடை குறைந்த மரத்தில், முகத்தோடு பொருந்துமாறு குடையப்பட்டவை. கோல சன்னியின் இருபுறமும் 18 முகங்கள் அடுக்கிய பெரும்பலகைகளைக் காட்சிக்கு வைப்போர், அவற்றின் கீழே பேயோட்டும் முகமூடி என்று எழுதுவதை விடுத்து, ஆட்டக்களத்தில் அம்முகங்கள் தனித்தனியே வந்து பறைகாரரோடு வாதிட்டுத் தோற்றவை என்பதை எழுதுவதே முறை.