காலம் என்றொரு விமர்சகன்

'காலம்தான் கடைசி விமர்சகன். நல்லது நிற்கும், மற்றது உதிரும்' என்று நம்மவர்கள் சொல்லும்போதெல்லாம் எனக்கு எரிச்சல் வருகிறது. தத்துவ வேஷம் போட்ட சோம்பேறித்தனம் இது. பார்த்து, படித்து, தன் பெயரைப் போட்டு அபிப்பிராயம் சொல்ல வேண்டியவன், அந்த வேலையை விலாசம் இல்லாத ஒருவன் தலையில் கட்டிவிட்டுப் போகிறான். இலக்கியத்தில் இதை மறுப்பது சிரமம்; தொலைந்தவை மொத்தம் எத்தனை என்று யாருக்கும் தெரியாது. சினிமாவில் கணக்கு இருக்கிறது. ஆகவே ஒரு ஊமைப்படத்தை எடுத்துக்கொள்கிறேன்.

'ரகிள்ஸ் ஆஃப் ரெட் கேப்', 1923. அமெரிக்காவில் பாராமவுண்ட் வெளியிட்டது. டைரக்டர் ஜேம்ஸ் க்ரூஸ். மூலம், ஹாரி லியான் வில்சனின் 1915ஆம் வருஷத்து நாவல். பிரபு வம்சத்து ஆங்கிலேயன் ஒருவன், பாரிஸில் சீட்டாட்டத்தில் தன் பணியாளைத் தோற்றுவிடுகிறான். ஜெயித்தவர்கள் அமெரிக்க மேற்கிலிருந்து வந்த புதுப் பணக்காரர்கள். எஜமானனுக்குக் கோட்டு மாட்டிவிட்டே பழகிய ரகிள்ஸ், ரெட் கேப் என்ற அந்த முரட்டு ஊருக்குப் போய்ச் சேர்கிறான். அங்கே சொந்தமாக ஓட்டல் வைத்துத் தனக்குத் தானே எஜமானன் ஆகிறான். துப்பாக்கிச் சண்டை இல்லாமலே 'மேற்கு' என்ற அமெரிக்கக் கனவின் அஸ்திவாரத்தைத் தொடுகிற கதை.

ரகிள்ஸாக நடித்தவர் எட்வர்ட் எவரெட் ஹார்ட்டன். பின்னால் அஸ்டேர் - ரோஜர்ஸ் நடனப் படங்களில் எந்நேரமும் பதறிக்கொண்டிருக்கும் துணைப் பாத்திரமாக உலகம் அறிந்தவர். அவர் கதாநாயகனாக நின்ற இந்தப் படத்தை இன்று பார்க்க முடியாது. தொலைந்துவிட்டது என்றே கருதப்படுகிறது.

அதே 1923இல் அதே க்ரூஸ் 'தி கவர்டு வேகன்' எடுத்தார். கூண்டு வண்டிகளின் நெடும்பயணம், ஆற்றைக் கடத்தல், பிரம்மாண்டம். லோய்ஸ் வில்சனும் எர்னஸ்ட் டோரன்ஸும் இரண்டு படங்களிலும் உண்டு. வசூலில் கொட்டிய அந்தப் படம் இருக்கிறது. சினிமாத் தொழிலையே நையாண்டி செய்து அந்த வருஷமே அவர் எடுத்த 'ஹாலிவுட்' இல்லை. விளைவு, க்ரூஸ் என்றால் இன்று கூண்டு வண்டிகள்தான். சிரிக்கத் தெரிந்த க்ரூஸை நிராகரித்தது யார்? காலமா?

காலம் ஒன்றும் செய்யவில்லை. பேசும்படம் வந்ததும் ஊமைப்படங்கள் காசு பெறாத சரக்காயின. நைட்ரேட் பிலிம் லேசில் தீப்பிடிக்கும். காப்பாற்றுவது செலவு, அழித்தால் அதிலிருந்து வெள்ளியாவது கிடைக்கும். 1937இல் நியூஜெர்ஸியில் ஃபாக்ஸ் கம்பெனியின் கிடங்கு எரிந்தது. 1948இல் யூனிவர்சல் கம்பெனி தன்னிடமிருந்த ஊமைப்படங்களைத் தானே அழித்தது. 2013இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் வெளியிட்ட ஆய்வின்படி, 1912 முதல் 1929 வரை அங்கே வெளியான முழுநீள ஊமைப்படங்கள் ஏறக்குறைய 11,000. வெளியான வடிவத்திலேயே முழுசாக மிஞ்சியவை 14 சதவீதம். இதையா ரசனையின் சல்லடை என்கிறீர்கள்?

நான் வங்கி குமாஸ்தா. கெடு முடிந்த வவுச்சர்களை அழிப்பதற்கு எங்களிடம் ஒரு ரிஜிஸ்தர் உண்டு. தேதி, எண், அழித்தவர் கையெழுத்து எல்லாம் இருக்க வேண்டும். 'காலம் அழித்தது' என்று எழுதினால் ஆடிட்டர் விடமாட்டார்.

இன்னொரு வங்கிக்காரர் கதையும் உண்டு. கனடாவின் வடகோடியிலுள்ள டாஸன் நகரம்தான் பிலிம் பெட்டிகளின் பயணத்தில் கடைசி ஊர். திருப்பி அனுப்பும் செலவுக்குக்கூடப் பெறாத படங்கள் வங்கியின் பொறுப்பில் அங்கேயே தங்கிவிட்டன. 1929இல் ஒரு வங்கி ஊழியர், பயன்படாத நீச்சல் குளத்தைத் தூர்ப்பதற்கு அவற்றைக் கொடுத்தார். உறைந்த மண் காப்பாற்றியது. 1978இல் தோண்டியபோது 500க்கு மேற்பட்ட ரீல்கள் வெளிவந்தன. தரம் பார்த்தா மண் வைத்திருந்தது? குழி தூர்க்கப் போனது மிஞ்சியது. கிடங்கில் பத்திரப்படுத்தியது எரிந்தது.

1935இல் லியோ மெக்காரே, சார்ல்ஸ் லாட்டனை வைத்து எடுத்த ரகிள்ஸ் இருக்கிறதே, அது போதாதா என்று கேட்கலாம். நல்ல படம்தான். அதில் லாட்டன் லிங்கனின் கெட்டிஸ்பர்க் உரையைச் சொல்லும் கட்டம் பிரசித்தம். அந்த ரகிள்ஸ் பேச்சால் நிமிர்கிறவன். பேச்சே இல்லாத படத்தில் ஒரு பணியாளின் முதுகு எப்படி நிமிர்ந்தது? இந்தக் கேள்விக்கு லாட்டனிடம் பதில் இல்லை.

தொலைந்த படம் மகத்தானது என்று நான் வாதாடவில்லை. பார்க்காததைப் புகழ்வதும் அதே சோம்பேறித்தனம்தான். அது மட்டமான படமாகவும் இருந்திருக்கலாம். ஆனால் மட்டம் என்று சொல்வதற்கும் ஒருவன் உட்கார்ந்து பார்க்க வேண்டும். காலம் எந்தப் படத்தையும் உட்கார்ந்து பார்த்ததில்லை. நாம்தான் பார்க்கவேண்டும்; கைக்கு எட்டும்போதே பார்த்து, கீழே கையெழுத்தும் போடவேண்டும்.