கொட்டாஞ்சேனையிலிருந்து பாரிசுக்கு, லண்டன் வழியாக

கொட்டாஞ்சேனையிலோ வெள்ளவத்தையிலோ பிரெஞ்சு வகுப்புக்கு வருவோரில் பெரும்பாலோர் விக்டர் ஹியூகோவை மூலத்தில் வாசிக்கும் ஆசையோடு வருபவர்கள் அல்லர். லாச்சப்பலில் கணவன் இருக்கிறான்; மொன்றியலில் மாமா இருக்கிறார். யாழ்ப்பாணத்திலோ வன்னியிலோ மலையகத்திலோ தமிழ்மொழி மூலம் படித்த பிள்ளைகள் அவர்கள். ஆங்கிலத்தில் ஒரு கடிதம் எழுதச் சொன்னால் தடுமாறுவார்கள். அந்தப் பிள்ளைகளுக்குப் பிரெஞ்சின் அரிச்சுவடியை ஆங்கிலத்தில் விளக்குகிறார்கள். இது எந்த ஊர் நியாயம்?

நான் புரட்டிப் பார்த்த ஒரு மாணவியின் கொப்பியில் (எந்த வகுப்பென்பது இங்கே வேண்டாம்) மூன்று நிரல்கள் இருந்தன. பிரெஞ்சுச் சொல், அதற்கு ஆங்கில அர்த்தம், அந்த ஆங்கிலத்துக்குப் பென்சிலால் எழுதிய தமிழ் அர்த்தம். மூன்றாவது நிரல் அவள் வீட்டில் அகராதி பார்த்து எழுதியது. ஒரு மொழிக்குப் பணம் கட்டிவிட்டு இரண்டு மொழிகளோடு மல்லுக்கட்டுகிறாள்.

ஆங்கிலத்தின் வழியே போனால் பாதை நேராகுமென்றாலாவது பொறுத்துக்கொள்ளலாம். பிரெஞ்சில் 'தூ' என்றும் 'வூ' என்றும் முன்னிலை இரண்டு. ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே சொல்தான். ஆகவே ஆசிரியர் அரைமணி நேரம் விளக்குகிறார். 'நீ', 'நீர்', 'நீங்கள்' என மூன்று படிகளை வைத்திருக்கும் யாழ்ப்பாணத்துப் பிள்ளைக்கு அரை நிமிடம் போதாதா? நாங்கள் பேசுகிறோம், நீங்கள் பேசுகிறீர்கள் என்று வினைமுற்று மாறுவதைப் போலவே 'நூ பார்லோன்', 'வூ பார்லே' என்று பிரெஞ்சிலும் மாறுகிறது. ஆங்கிலத்தில் இரண்டிடத்திலும் ஒரே 'ஸ்பீக்'. 'இல் மெ ஃபோ' என்ற தொடரில் 'மெ' என்பது 'எனக்கு'. தொடர் முழுவதற்கும் 'எனக்கு வேண்டும்' என்பதே பொருள். நம் நான்காம் வேற்றுமை அங்கே நமக்காகக் காத்திருக்கிறது. 'லிப்ரெரி' என்றால் ஆங்கிலப் பழக்கத்தில் நூலகம் என்று நினைப்போம். பிரெஞ்சில் அது புத்தகக்கடை.

பாலைப் பற்றியும் சொல்லவேண்டும். நமக்கு மேசை அஃறிணை. பிரெஞ்சிலோ அஃறிணை என்ற பிரிவே கிடையாது. மேசை பெண்பால், புத்தகம் ஆண்பால். திணையும் பாலும் பள்ளிக்கூடத்தில் படித்த பிள்ளைக்கு இந்த ஒரு வரி போதும். எது எந்தப் பால் என்பதை மனனம் செய்யத்தான் வேண்டும். அதில் குறுக்குவழி எவருக்கும் இல்லை, ஆங்கிலேயனுக்கும் இல்லை.

என் வாதத்தைத் திரித்துவிட வேண்டாம். ஆங்கிலம் நன்கு அறிந்தவருக்கு ஆயிரக்கணக்கான பொதுச்சொற்கள் இலவசமாகக் கிடைக்கின்றன. பிரெஞ்சிலேயே பிரெஞ்சைக் கற்பிக்கும் முறையோடும் எனக்குச் சண்டையில்லை. பிரெஞ்சு ஒலிகளைத் தமிழெழுத்தில் அச்சிட்டு 'முப்பது நாளில்' என்று விற்கும் புத்தகங்களையும் நான் ஆதரிக்கவில்லை; நான் மேலே எழுதியிருப்பது போன்ற 'தூ'வை பாரிசில் சொன்னால் 'நீ' என்பதற்குப் பதிலாக 'எல்லாம்' என்றே கேட்பவர் காதில் விழும். ஒலியைக் காதால் பழகட்டும். விளக்கம் தமிழில் இருக்கட்டும் என்பதே என் கோரிக்கை.

இதிலென்ன அவசரம் என்று கேட்போருக்கு: பிரான்சின் 2024 ஜனவரிக் குடிவரவுச் சட்டப்படி, 2026 ஜனவரி முதல், சில விதிவிலக்குகள் தவிர, பல்லாண்டு வதிவிட அட்டைக்கு ஏ2 நிலையும் பத்தாண்டு அட்டைக்கு பி1 நிலையும் காட்டவேண்டும். குடியுரிமைக்கு முன்னர் பி1 போதுமாயிருந்தது, இப்போது பி2. அதாவது, ஒரு விவகாரத்தில் தன் நிலைப்பாட்டை எடுத்துரைத்து வாதாடும் அளவுக்கு மொழி வேண்டும். இங்கே ஆறு மாதத்தை வீணாக்கிய பெண், அங்கே வருடாவருடம் அலுவலக வரிசையில் நின்று அட்டை புதுப்பிப்பாள்.

தமிழில் பிரெஞ்சு கற்பிக்கக் கருவிநூல் இல்லை என்பது இன்னொரு சாக்கு. முசேயும் துப்புயியும் தொகுத்த தமிழ்-பிரெஞ்சு அகராதி 1855இலும் 1862இலும் இரண்டு தொகுதிகளாகப் புதுச்சேரியில் வெளிவந்துவிட்டது. பாரிசில் தமிழ் கற்பித்த ஜூலியன் வின்சோன் 1903இல் தமிழ்மொழிக் கையேடு எழுதியபோது, தன் மாணவருக்கு விளங்கும் பிரெஞ்சிலேயே எழுதினார். கொட்டாஞ்சேனையில் பொன்ஜீன் வீதியால் தினமும் நடக்கிறோமே, அந்தப் பொன்ஜீன் ஆண்டகை பிரான்சில் 1823இல் பிறந்து, கோயம்புத்தூரிலும் யாழ்ப்பாணத்திலும் பணிசெய்த பின்னரே கொழும்பின் முதற் பேராயரானவர். பிரான்சுக்காரருக்கு நேர்வழி தெரிந்திருந்தது. நமக்கு மட்டும் ஏன் நடுவில் ஒரு தரகர்?

காரணம் எளிது. ஆங்கிலத்தில் நடத்தினால் வகுப்புக்கு மதிப்பு, கட்டணமும் கூட. தமிழில் விளக்கினால் ஆசிரியருக்கே ஆங்கிலம் தெரியாது போலும் என்று பெற்றோர் சந்தேகப்படுகிறார்கள். ஆகவே பெற்றோரிடமே கேட்கிறேன்: அடுத்த மாதக் கட்டணத்தைக் கட்டுமுன், பிள்ளையின் கொப்பியை ஒருமுறை வாங்கிப் பாருங்கள். பென்சிலால் எழுதிய மூன்றாவது நிரல் அதில் இருந்தால், விளக்கத்தைத் தமிழில் தரமுடியுமா என்று ஆசிரியரை நேரில் கேளுங்கள்.