கோத்துப் பார்த்தால்தான் தெரியும்

ஈராக்கில் படை போதவில்லை, காபூல் அரசு ஊழலில் ஊறியிருந்தது, கடாபிக்குப் பின் லிபியா என்னவாகும் என்று யாரும் யோசிக்கவில்லை. இப்படி ஒவ்வொரு போருக்கும் தனித்தனியாகப் பிரேதப் பரிசோதனை நடத்துவது அமெரிக்காவின் வழக்கம். ஆண்ட்ரூ பேசவிச் அப்படிச் செய்யவில்லை. வெஸ்ட் பாயிண்ட் ராணுவக் கழகத்தில் 1969இல் தேறி, வியட்நாமில் பணியாற்றி, கர்னலாக ஓய்வுபெற்று, பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் வரலாறு கற்பித்தவர் அவர். மேற்காசியப் போர்களைப் பற்றி 2016இல் எழுதிய நூலில், அவை அனைத்தையும் ஒரே போராகக் கோத்துக் காட்டினார். அவருடைய விமர்சனத்தின் வலு அந்தக் கோவையில்தான் இருக்கிறது.

அவர் தொடங்குவது 1980இல். பாரசீக வளைகுடாவை வெளியார் கைப்பற்ற முயன்றால் படைபலம் கொண்டும் தடுப்போம் என்று அந்த ஜனவரியில் அதிபர் கார்ட்டர் அறிவித்தார். ஏப்ரலில், தெஹ்ரானில் இருந்த பணயக்கைதிகளை மீட்க எட்டு ஹெலிகாப்டர்கள் கிளம்பின. மூன்று பழுதாகிவிட, பாதி வழியிலேயே முயற்சி கைவிடப்பட்டது. திரும்பும்போது, பாலைவனப் புழுதியில் ஒரு ஹெலிகாப்டர் அங்கே நின்றிருந்த விமானத்தில் மோதி எட்டுப் பேர் இறந்தார்கள். எதிரி ஒரு குண்டுகூடச் சுடவில்லை. பிறகு 1983இல் பெய்ரூட், 1991இல் குவைத், 2001இல் ஆப்கானிஸ்தான், 2003இல் ஈராக், 2011இல் லிபியா. அதிபர்களும் கட்சிகளும் எதிரிகளும் மாறினார்கள். ஆயுதத்தால் அந்த மண்ணை வழிக்குக் கொண்டுவந்துவிடலாம் என்ற நம்பிக்கை மட்டும் மாறவில்லை. ஒருமுறை தோற்றால் தளபதியைக் குறை சொல்லலாம். நாற்பதாண்டு தோற்றால் கணக்கே தப்பு என்றுதான் சொல்ல வேண்டும்.

மகனை இழந்த கசப்பு பேசுகிறது என்று சிலர் ஒதுக்கக்கூடும். அவருடைய மகன் ஈராக்கில் கொல்லப்பட்டது 2007 மே மாதம். அமெரிக்கப் பேரரசைப் பற்றிய நூல் 2002லும், ராணுவ மோகத்தைச் சாடிய நூல் 2005லும் வந்துவிட்டன. 1995இல் நேட்டோ குண்டுவீச்சு போஸ்னியப் போரை முடிக்க உதவியதே என்பது கனமான ஆட்சேபம். உண்மைதான். ஆனால் அங்கே குறி சிறியது: சண்டையிட்டவர்களைப் பேச்சு மேசைக்குக் கொண்டுவருவது. தரையிலும் குரோஷிய, போஸ்னியப் படைகள் முன்னேறிக்கொண்டிருந்தன. ஈராக்கில் நினைத்ததோ ஒரு நாட்டையே புதிதாக வார்ப்பது. பஞ்சத்துக்காகப் போன சோமாலியாவையும் எண்ணெய்க்காகக் காத்த வளைகுடாவையும் ஒரே சரத்தில் பேசவிச் கோப்பது சற்று இழுப்புதான். அந்த மணியை உருவிவிட்டாலும் சரம் அறுவதில்லை.

இத்தனை காலம் யாரும் ஏன் கோத்துப் பார்க்கவில்லை? கட்டாய ராணுவச் சேர்ப்பு 1973இல் முடிந்தது. இன்று படையில் இருப்பவர்கள் மக்கள்தொகையில் ஒரு சதவீதத்துக்கும் குறைவு. 2003 மார்ச்சில் ஈராக்கில் படை இறங்கியது. மே மாதம் அமெரிக்காவில் வரி குறைக்கப்பட்டது. பிள்ளையையும் அனுப்ப வேண்டாம், பணமும் கட்ட வேண்டாம் என்றால், பழைய பாக்கியைக் கூட்டிப் பார்க்க யாருக்குத் தோன்றும்?