சமன்பாடும் சமுதாயமும்

தமிழாசிரியனுக்குக் கணக்கில் என்ன வேலை என்று சான்றோர் வினவக்கூடும். 'இயற்கணிதத்திற்குப் பெயர் தந்தது முஸ்லிம் அறிஞரின் நூலே' என்று மேடைதோறும் முழங்குவோருள் நானும் ஒருவன். அவ்வாறு முழங்கி இறங்கிய ஒருநாள், முதலாண்டு மாணவர் ஒருவர், "ஐயா, ஒரே சமன்பாட்டை ஏன் இத்தனை வடிவங்களில் மாற்றி எழுதச் சொல்கிறார்கள்?" என்று கேட்டார். என்னால் விடை கூற இயலவில்லை.

கலீஃபா மஃமூன் ஆட்சியில் (கி.பி. 813–833) பாக்தாதில் வாழ்ந்த அல்-குவாரிஸ்மி, தம் நூலில் குறியீடுகளைக் கையாளாமல் அனைத்தையும் சொற்களாலேயே எழுதினார். கழிக்கப்பட்டு நிற்கும் உறுப்பை இருபுறமும் கூட்டி நிறைவு செய்தல் 'அல்ஜப்ர்'. இருபுறமும் உள்ள ஒத்த உறுப்புகளை ஈடுசெய்து நீக்குதல் 'முகாபலா'. இவற்றின் துணையால் ஒருபடி, இருபடிச் சமன்பாடுகளை ஆறு வடிவங்களுள் அடக்கி, வணிகத்திற்கும் பாகப்பிரிவினைக்கும் பயன்படுத்தினார். எனவே, வடிவமாற்றம் தேர்வுக்காகப் புனைந்த தொல்லையன்று. அக்கலையின் உயிர்நாடியே அதுதான்.

நோன்பு திறக்க 60 ரூபாய்க்குச் சமோசாவும் வடையும் வாங்குவதாகக் கொள்வோம். சமோசா 12 ரூபாய். வடை 6 ரூபாய். சமோசா எண்ணிக்கையை 12ஆலும், வடை எண்ணிக்கையை 6ஆலும் பெருக்கிக் கூட்டினால் 60. இது பொதுவடிவம், கைப்பணத்தைக் கூறுகிறது. வடையைத் தனியே நிறுத்தினால், 10இலிருந்து சமோசா எண்ணிக்கையின் இருமடங்கைக் கழித்தது வடை எண்ணிக்கையாகும். இது சாய்வு-வெட்டுத்துண்டு வடிவம். ஒரு சமோசா கூடினால் இரு வடை குறையும் என்கிறது. பொதுவடிவம் முழுவதையும் 60ஆல் வகுத்தால், சமோசா எண்ணிக்கையில் ஐந்தில் ஒரு பங்கும் வடை எண்ணிக்கையில் பத்தில் ஒரு பங்கும் சேர்ந்து ஒன்றாகும். இது வெட்டுத்துண்டு வடிவம். சமோசா மட்டுமெனில் 5, வடை மட்டுமெனில் 10 என்கிறது. கோடு ஒன்றே, அது கூறும் செய்திகள் மூன்று. செய்வினையும் செயப்பாட்டுவினையும் பொருளால் ஒன்றி, அழுத்தத்தால் வேறுபடுவதை இலக்கண வகுப்பில் நாம் விளக்குவதில்லையா?

தமிழ்வழியில் பயின்று ஆங்கில வகுப்பில் அமரும் பிள்ளைகள் பலர், 'அந்தப் பக்கம் போனால் குறி மாறும்' என்பதை மட்டும் மனனம் செய்கின்றனர். உண்மையில் எதுவும் பக்கம் தாவுவதில்லை. இருபுறமும் ஒன்றையே கூட்டுகிறோம் அல்லது கழிக்கிறோம். இதனைத் தாய்மொழியில் ஒருமுறை விளக்கினால் அச்சம் அகலும். விளக்காததால், கணக்கே தமக்கு வராது என்று ஒதுங்கிவிடுகின்றனர்.

ஆங்கிலக் கலைச்சொற்கள் வேண்டாம் என்பது என் கருத்தன்று. இரண்டையும் ஒருங்கே கற்பிப்போம். இந்திய எண்முறையை அரபியில் விளக்கியவர் அல்-குவாரிஸ்மி. அவருடைய இயற்கணித நூலோ 1145இல் இலத்தீனில் பெயர்க்கப்பட்டது. மொழிவிட்டு மொழி பெயர்ந்தே அறிவு வளர்ந்துள்ளது.

ஆகவே, கணிதத் துறையும் தமிழ்த் துறையும் இணைந்து வாரந்தோறும் ஒரு மணி நேரம் தமிழில் விளக்க வகுப்பு நடத்துதல் வேண்டும். ஜமாஅத் பெரியோர்கள் விழாச் செலவில் ஒரு சிறு பகுதியை இதற்கு ஒதுக்குதல் வேண்டும். முன்னோர் பெருமையை ஒருபுறமும், நம் பிள்ளைகளின் தேர்ச்சியை மறுபுறமும் வைத்துப் பார்த்தால், இன்று அச்சமன்பாடு சமனாக இல்லை. அதனைச் சமன் செய்வது நம் கடமை. எல்லாம் வல்ல அல்லாஹ் அதற்கு அருள்புரிவானாக!